போலெக்ஸ் எச்16 ரிஃப்ளெக்ஸ்: எடுத்ததன் மேலேயே எடுக்கும் கேமரா

சாவி கொடுத்து ஓட்டும் 16 மிமீ கேமரா. பேட்டரி இல்லை, வெளிச்சம் அளக்கும் மீட்டர் இல்லை, ஒலிப்பதிவு இல்லை. ஓடும்போது தையல் மெஷின் மாதிரி ஒரு சத்தம் மட்டும் உண்டு. முழுச் சாவி கொடுத்தால் நொடிக்கு 24 ஃப்ரேம் வேகத்தில் சுமார் 28 நொடி ஓடி நின்றுவிடும். இத்தனை 'இல்லை'களையும் தெரிந்துகொண்டேதான் சுயாதீனப் படக்காரர்களும் பரிசோதனை வீடியோ செய்பவர்களும் இதை இன்னும் தேடித் தேடி வாங்குகிறார்கள். காரணம் கேட்டால் 'ஃபிலிம் லுக்' என்பார்கள். அது சரியான காரணமே இல்லை. அந்த லுக் எந்த 16 மிமீ கேமராவிலும் வரும். போலெக்ஸுக்குப் பணம் போட நியாயமான காரணம் ஒன்றுதான்: எடுத்து முடித்த ஃபிலிமைக் கேமராவுக்குள்ளேயே பின்னால் சுற்றி, ஃப்ரேம் எண்ணைப் பார்த்துச் சொன்ன இடத்தில் நிறுத்தி, அதன் மேலேயே இன்னொன்றை எடுக்கலாம். அந்த வேலை உங்களுக்கு வேண்டாமென்றால் வேறு கேமரா பாருங்கள். கீழே அதற்கும் ஒரு பத்தி இருக்கிறது.

சுவிட்சர்லாந்தின் பையார் நிறுவனம் எச்16 வரிசையை 1935-ல் கொண்டுவந்தது. லென்ஸ் வழியாகவே பார்த்து எடுக்கும் ரிஃப்ளெக்ஸ் மாடல் 1956-ல் வந்தது. இங்கே பேசுவது ஆர்எக்ஸ் என்று பெயர் போட்ட அந்த வரிசையைப் பற்றி மட்டும். 1950-களின் தொடக்கம் வரை வந்த பழைய, ரிஃப்ளெக்ஸ் அல்லாத எச்16-கள் விலை குறைவாகக் கிடைக்கும். ஆனால் அவற்றின் பல்சக்கரத்தில் இருபுறமும் பல் இருக்கும். இன்று கிடைக்கும் 16 மிமீ ஃபிலிமில் பெரும்பாலும் ஒரு ஓரத்தில்தான் துளை. அதைப் போட்டால் துளையில்லாத ஓரத்தைப் பல் குத்திக் கிழிக்கும். ஆர்எக்ஸ் மாடல்கள் எல்லாமே ஒற்றைத்துளை ஃபிலிமுக்குச் சரி. ஆர்எக்ஸ்-5-ல் பார்வைக்கண்ணாடி 13 மடங்கு பெரிதாக்கிக் காட்டும். முதல் மாடல்களில் 6 மடங்குதான். ஃபோகஸ் பிடிக்க இந்த வித்தியாசம் பெரிது. 400 அடி மேகஸினும் இதில் மாட்டலாம், ஆனால் அதைச் சுழற்ற மின்மோட்டார் தேவை, அப்போது கேமராவின் எளிமை போய்விடும். பேட்டரியில் ஓடும் ஈபிஎம் மாடலை 'சாவி கொடுக்கும் தொல்லை இல்லை' என்று நம்பி வாங்குபவர்கள் செத்துப்போன பழைய பேட்டரியோடு மல்லுக்கட்ட நேரும். தலைவலி போய்த் திருகுவலி வந்த கதைதான் அது.

இப்போது அந்த முக்கியமான வேலை. ஒரு காட்சி மெல்ல மறைய, அடுத்தது அதன் மேலேயே எழும்ப வேண்டும் என்று வையுங்கள். கேமராவின் வலப்பக்கத்தில் ஃப்ரேம் கவுண்டர்: ஒரு வட்டம் 50 வரை, இன்னொன்று 1000 வரை எண்ணும். முதல் காட்சி ஓடிக்கொண்டிருக்கிறது. கவுண்டர் 352-ஐத் தொடும்போது ஷட்டர் லிவரைத் திறந்த நிலையிலிருந்து மூடிய நிலைக்கு இரண்டு நொடியில் சீராகக் கொண்டுபோகிறீர்கள். 400-ல் நிறுத்துகிறீர்கள். ஷட்டர் மூடியபடியே இருக்கட்டும். மோட்டார் லிவரை சுழியத்துக்குத் தள்ளி ஸ்பிரிங்கைக் கழற்றிவிட்டு, கைப்பிடியைத் தண்டில் செருகிப் பின்னால் சுற்றுங்கள். ஒரு சுற்றுக்கு 8 ஃப்ரேம், 48 ஃப்ரேமுக்கு 6 சுற்று. கவுண்டர் மறுபடி 352 காட்டும். கைப்பிடியை உருவிவிட்டு மோட்டார் லிவரைப் பழைய இடத்துக்குக் கொண்டுவாருங்கள். அடுத்த காட்சியை வைத்து, மூடிய ஷட்டரோடு ஓடவிட்டு, இரண்டு நொடியில் திறங்கள். டிஸால்வ் ஃபிலிமிலேயே முடிந்தது.

எழுத்தில் சுலபம், கையில் வராது. லிவரைத் தள்ளும் விரலே கேமராவை ஆட்டிவிடும், ஆகவே கனமான ட்ரைபாட் வேண்டும். விரல் வேகம் சீராக இல்லாவிட்டால் நடுவில் ஒரு இருட்டுப் பள்ளம் விழும். ரெக்ஸோஃபேடர் என்ற பழைய துணைக்கருவி கிடைத்தால் அதுவே 40 ஃப்ரேமில் மூடித் திறந்துவிடும். கிடைக்காவிட்டால் ஃபிலிமே இல்லாமல் ஒரு மணி நேரம் விரலுக்குப் பயிற்சி கொடுங்கள். இன்னொரு விஷயத்தைப் பலர் கவனிப்பதில்லை: ஷட்டரின் திறப்பு குறையக் குறைய ஒவ்வொரு ஃப்ரேமும் பதிவாகும் நேரமும் குறைகிறது. எனவே மறையும் காட்சியில் யாராவது வேகமாக நடந்தால் அந்த இரண்டு நொடியில் நடை வெட்டி வெட்டித் தெரியும். மறையும் இடத்தில் அசைவு குறைந்த சட்டகத்தை வைப்பதுதான் வழி. அல்லது அந்த வெட்டலையே வேண்டும் என்று கேட்டு வாங்கிக்கொள்ளலாம்.

ஒன்றின் மேல் ஒன்று முழு நீளத்துக்கும் பதிவதென்றால் வெளிச்சக் கணக்கு மாறும். இரண்டு காட்சியும் ஒரே அளவு வெளிச்சம் என்றால் ஒவ்வொன்றையும் ஒரு ஸ்டாப், அதாவது பாதி வெளிச்சம், குறைத்து எடுக்க வேண்டும். மூன்று என்றால் ஒன்றரை ஸ்டாப்பும் கொஞ்சமும். கறுப்புப் பின்னணியில் ஒரு முகம், அதன் கறுப்பில் இன்னொரு உருவம் என்று இடம் பிரித்து வைத்தால் குறைக்கவே வேண்டாம். கலர் நெகடிவ் கொஞ்சம் தப்பைப் பொறுக்கும், கழுவினால் நேரடியாகப் பாசிட்டிவாகவே வரும் ரிவர்சல் ஃபிலிம் பொறுக்காது.

இதையெல்லாம் எடிட்டிங் மென்பொருளில் இரண்டு நிமிடத்தில் செய்யலாமே என்றால், ஆமாம், செய்யலாம். பிடிக்காவிட்டால் திரும்பியும் அழிக்கலாம். ஆனால் இரண்டும் ஒன்றல்ல. மென்பொருளின் வழக்கமான டிஸால்வ் இரண்டு படத்தையும் சராசரி எடுக்கிறது. ஃபிலிமில் வெளிச்சத்தோடு வெளிச்சம் கூடுகிறது: ஒரு காட்சியின் நிழல் இருக்கும் இடத்தில்தான் மற்றது தெளிவாக எழும்; இரண்டிலும் வெளிச்சமான இடம் வெளுத்துக் கரையும். டிஜிட்டலில் அதற்கு நெருக்கமாக வர வேண்டுமென்றால் வெளிச்சத்தைக் கூட்டும் 'ஆட்' அல்லது 'ஸ்க்ரீன்' முறையில் அடுக்க வேண்டும்.

கேமராவின் மோசமான பொறியும் இதே லிவரில்தான் இருக்கிறது. லென்ஸுக்குப் பின்னால் ஒரு கண்ணாடிப் பட்டகம் வெளிச்சத்தில் ஒரு பங்கைப் பார்வைக்கண்ணாடிக்குத் திருப்புகிறது. ஷட்டர் அதற்கும் பின்னால். ஆகவே ஷட்டர் முழுக்க மூடியிருந்தாலும் கண்ணுக்குப் படம் பளிச்சென்று தெரியும். டிஸால்வ் எடுத்துவிட்டு லிவரைத் திறக்க மறந்தால் ரோல் முழுக்கக் கறுப்பாக வரும், லேபிலிருந்து வரும்வரை தெரியவே தெரியாது. பாதி மூடிய நிலையில் மறந்தால் ஒரு ஸ்டாப் குறையும். ஒவ்வொரு முறை சாவி கொடுக்கும்போதும் லிவரை விரலால் தொட்டுப் பார்ப்பதைப் பழக்கமாக்கிக்கொள்வது தவிர இதற்கு மருந்து கிடையாது.

மீட்டரில் தவறுவதும் அதிகம். இதன் ஷட்டர் கோணம் சுமார் 133 பாகை. நொடிக்கு 24 ஃப்ரேமில் ஒரு ஃப்ரேம் பதிவாகும் நேரம் 1/65 நொடி. பட்டகம் திருடிக்கொள்ளும் வெளிச்சத்தையும் சேர்த்தால் மீட்டரில் வைக்க வேண்டியது 1/80. வழக்கமான 180 பாகைக் கணக்கில் 1/50 வைத்தால் கிட்டத்தட்ட முக்கால் ஸ்டாப் குறைவாகப் பதிவாகும். நெகடிவில் நிழல்கள் சேறாகும். ஒற்றை ஃப்ரேமாக அழுத்தி எடுக்கும்போது பதிவு நேரம் இதைவிட நீளம். அனிமேஷன் செய்பவர்கள் முதலில் சில அடி சோதனைக்கு ஒதுக்கட்டும்.

லென்ஸ் மவுண்ட் பரவலான திருகு வகையான சி-மவுண்ட் என்பதால் எதுவும் பொருந்தும் என்று நினைத்துவிட வேண்டாம். பொருந்தும், கூர்மை இருக்காது. பட்டகத்தின் கண்ணாடி சுமார் 9.5 மிமீ தடிமன். அதன் வழியாக வெளிச்சம் வர வேண்டும் என்பதைக் கணக்கில் எடுத்தே ஆர்எக்ஸ் என்று குறித்த லென்ஸ்களை வடிவமைத்தார்கள். 50 மிமீ வரையுள்ள லென்ஸ்களுக்கு இந்தக் குறி அவசியம். அதற்கு மேல் நீண்ட லென்ஸ்களுக்கு வேண்டியதில்லை. சாதாரண சி-மவுண்ட் 25 மிமீ ஒன்றுதான் கையில் இருக்கிறதென்றால் எஃப் 4-க்கு மூடி எடுங்கள், பெரும்பாலும் தெரியாது. எஃப் 1.4-ல் திறந்தால் எல்லாவற்றின் மேலும் பனி மூடின மாதிரி இருக்கும். இதுவே தலைகீழாகவும் நடக்கும்: ஆர்எக்ஸ் ஸ்விட்டார் லென்ஸைச் சிறு டிஜிட்டல் கேமராவில் மாட்டித் திறந்துவைத்தால் மழுங்கலாக வரும், குறை லென்ஸில் இல்லை. கெர்ன் நிறுவனத்தின் 10 மிமீ எஃப் 1.6, 25 மிமீ எஃப் 1.4, இந்த இரண்டு ஸ்விட்டார் போதும், பெரும்பாலான வேலை நடக்கும். கனமான ஜூமை மூன்று துளைச் சுழல்தட்டில் தொங்கவிட்டால் தட்டு லேசாகச் சாய்ந்து ஃபோகஸ் நகரும். பூட்டு போடாமல் மாட்டக் கூடாது. ஜூம்தான் முக்கியம் என்பவர்களுக்குச் சுழல்தட்டு இல்லாத, பயனெட் மவுண்டுள்ள எஸ்பிஎம் மேல்.

லென்ஸுக்குப் பின்னால் ஒரு சின்ன உலோகத் துண்டு செருகியிருக்கும்: ஜெலட்டின் ஃபில்டர் வைக்கும் தாங்கி. ஃபில்டர் போடாவிட்டாலும் அந்தத் துண்டு அங்கே இருந்தே ஆக வேண்டும். இல்லையென்றால் அந்தப் பிளவு வழியாக வெளிச்சம் நுழைந்து ஃபிலிமை வெளுக்கடிக்கும். பழைய கேமராக்களில் தொலைந்துபோகும் முதல் உறுப்பு இதுதான். விற்பவர் படத்தில் இது தெரிகிறதா என்று பாருங்கள். பார்வைக்கண்ணாடியிலிருந்து கண்ணை எடுத்து டைம்லாப்ஸ் எடுக்கும்போதும் இதே ஆபத்து பின்பக்கமிருந்து வரும். பார்வைக்கண்ணாடியை மூடும் லிவர் அதற்குத்தான்.

ஃபிலிம் ஏற்றுவது தானாக நடக்கும் என்று விளம்பரம் சொன்னது, அது பெரும்பாலும் உண்மை. மங்கிய வெளிச்சத்தில், ஃபிலிம் நுனியை உள்ளேயே இருக்கும் வெட்டியால் வெட்டி, லூப் வளைக்கும் தகடுகளை மூடி, கேமராவை ஓடவிட்டு நுனியை மேல் பல்சக்கரத்தில் நீட்டினால், ஃபிலிமில் வெளிச்சம் விழும் இடமான கேட் வழியாக வளைந்து கீழே வெளிவரும். அதை அடுத்த ஸ்பூலில் கோத்துவிடலாம். மறக்கக் கூடாதது அந்தத் தகடுகளை மறுபடி திறப்பது. பிந்தைய மாடல்களில் மூடியைப் போட்டாலே திறந்துவிடும். முந்தையவற்றில் கையால் திறக்க வேண்டும். திறக்காமல் ஓட்டினால் 100 அடி முழுக்க நெடுக்குக் கீறல். வளைவு சிறிதாகிப் போனால் சத்தம் மாறும், படம் மேலும் கீழும் இழுபடும். அந்தச் சத்த மாற்றத்தைக் காது பழகிக்கொண்டால் பாதி ரோலாவது மிஞ்சும். கேட்டில் ஒட்டும் முடி, ஃபிலிம் தூள் இவற்றை ஒவ்வொரு ரோலுக்கும் நடுவில் மெல்லிய மரக்குச்சியால் எடுங்கள். உலோகம் அருகில் போகவே கூடாது.

பழையதைத்தான் வாங்கப்போகிறீர்கள் என்பதால் சோதனைதான் எல்லாம். வீணான பழைய ஃபிலிம் ஒரு ரோல் கையில் இருக்கட்டும். அதை ஏற்றி, 24-ல் வைத்து, ஸ்டாப்வாட்ச் பிடித்து 20 நொடி ஓட்டுங்கள். கவுண்டர் 480 காட்ட வேண்டும். பத்து முன்னே பின்னே இருந்தால் பரவாயில்லை. பிறகு 64-ல் 5 நொடி: 320. இங்கே தள்ளாடினால் உள்ளே கிரீஸ் இறுகிவிட்டது, கழற்றிச் சுத்தம் செய்து மறுபடி எண்ணெயிட வேண்டும். அந்தச் செலவைக் கேமராவின் விலையோடு கூட்டிப் பேரம் பேசுங்கள். ஃபிலிம் இல்லாமல் 32-க்கு மேல் ஓட்டிக் காட்டும் விற்பனையாளரிடம் வாங்காதீர்கள். சுமை இல்லாத வேகம் உள்ளுறுப்புகளுக்கு ஆகாது. அவருக்கு அது தெரியவில்லை என்றால் கேமரா எப்படி நடத்தப்பட்டிருக்கும் என்று யூகிக்கலாம். ஓடி முடிந்த ஃபிலிமை வெளிச்சத்துக்கு நேராகச் சாய்த்துக் கீறல் பாருங்கள். லென்ஸைக் கழற்றிப் பட்டகத்தில் மஞ்சள் கறை, பிரிந்த ஓரம் இருக்கிறதா என்று பாருங்கள். விரல் படக் கூடாது, காற்று மட்டும்.

கடைசிச் சோதனைக்கு நல்ல ஃபிலிமில் பத்தடி போதும். கறுப்புத் தாளில் வெள்ளைக் கட்டங்கள் வரைந்து, அசையாத ட்ரைபாடில் வைத்து எடுங்கள். பின்னால் சுற்றி, கேமராவை அரைக் கட்டம் நகர்த்தி அதன் மேலேயே மறுபடி எடுங்கள். திரையில் இரண்டு கட்டங்களும் சேர்ந்தே நின்றால் கேமரா சரி. ஒன்றுக்கொன்று மூச்சு விடுவதுபோல் அசைந்தால் ஃபிலிமை இழுக்கும் நகமோ, அதை அழுத்திப் பிடிக்கும் பிரஷர் பிளேட்டோ தேய்ந்திருக்கிறது. அடுக்கி எடுக்கவே வாங்கும் கேமராவில் அந்த அசைவை மன்னிக்க முடியாது.

கணக்கு: 100 அடிக்கு 4,000 ஃப்ரேம், 24-ல் 2 நிமிடம் 46 நொடி. பத்து நிமிடப் படத்துக்கு மூன்று மடங்கு எடுத்தால் 11 ரோல். ஃபிலிம், கழுவுதல், ஸ்கேன் மூன்றும் தனித்தனிச் செலவு. முதலிரண்டை மட்டும் திட்டமிட்டு ஸ்கேனில் பணம் தீர்ந்துபோவது வழக்கமான கதை. ஸ்கேன் கொடுக்கும்போது ஃப்ரேமின் ஓரங்களும் தெரியும்படி, நிறம் திருத்தாத லாக் கோப்பாகக் கேளுங்கள். கேமராவுக்குள்ளேயே அடுக்கிய வெளிச்சத்தை லேபின் தானியங்கித் திருத்தம் ஃப்ரேமுக்கு ஃப்ரேம் சமன் செய்யப் பார்த்தால் உங்கள் டிஸால்வ் படபடக்கும். வெளியில் நல்ல வெயிலுக்குப் பகல் வெளிச்ச ஃபிலிமான கோடக் 50டி, பொதுவாக 250டி, உள்ளே மஞ்சள் விளக்கு வெளிச்சத்துக்கான 500 டங்ஸ்டன். சொந்தமாக வாளியில் கழுவிப் பார்க்க நினைப்பவர்களுக்குக் கறுப்பு வெள்ளை ட்ரை-எக்ஸ்.

வேகத்தைத் தேர்ந்தெடுப்பதில் ஒரு எச்சரிக்கை. 16-லோ 18-லோ எடுத்தால் ரோல் நீளும், அசைவுக்கும் தனி நயம் வரும். ஓவியர் ஆண்டி வார்ஹோல் தன் ஸ்கிரீன் டெஸ்ட் படங்களை 100 அடி ரோல்களில் 24-ல் எடுத்து மெதுவான வேகத்தில் திரையிட்டார். 16-ல் 4,000 ஃப்ரேம் 4 நிமிடம் 10 நொடிக்கு நீளும். பரிசோதனைப் படக்காரர் நதானியேல் டார்ஸ்கி தன் படங்களை 18-ல்தான் காட்டுகிறார். ஆனால் அவை ஃபிலிம் புரொஜெக்டரில் ஓடுபவை. உங்கள் படம் டிஜிட்டல் கோப்பாகத் திரையிடலுக்குப் போகிறதென்றால் 18-ஐ 24 ஆக்க மூன்று ஃப்ரேமுக்கு ஒன்றை இரட்டிக்க வேண்டும். கேமராவை மெல்லப் பக்கவாட்டில் திருப்பும் 'பான்' ஷாட்டில் அந்தத் தட்டல் கண்ணில் உறுத்தும். எங்கே காட்டப்போகிறோம் என்று முடிவு செய்துவிட்டு வேகத்தை வையுங்கள்.

வசனப் படத்துக்கு இது வேண்டவே வேண்டாம். ஸ்பிரிங்கின் வேகம் ஒலியோடு பூட்டிக்கொள்ளும் அளவுக்கு நிலையானதல்ல, கூடவே அந்தச் சத்தம். சாவி கொடுக்கும் ரஷ்ய கே-3 விலை குறைவு, ஜூம் லென்ஸோடு வரும், எம்42 மவுண்ட் என்பதால் பழைய ஸ்டில் லென்ஸ்களும் பொருந்தும். நேர்கோட்டில் எடுத்து வெட்டி ஒட்டுபவர்களுக்கு அது போதும், ஆனால் பின்னால் சுற்றாது. ஆரி 16எஸ்-ல் ஃப்ரேமைப் பிடித்து நிறுத்தும் தனி ஊசி இருப்பதால் படம் இன்னும் ஆடாமல் நிற்கும், அதற்கு மோட்டாரும் பேட்டரியும் வேண்டும். சூப்பர் 8 கார்ட்ரிட்ஜில் 3,600 ஃப்ரேம் இருந்தாலும், பின்னால் சுற்ற முடிகிற கேமராக்களில்கூடச் சில நொடி டிஸால்வுக்கு மேல் போக முடியாது.

ஒரு ஆளாகவே படம் எடுத்துக் காலம் தள்ள நினைப்பவர்களுக்கு இந்தப் பெட்டி ஏன் ஒத்துவந்தது என்பதற்கு மாயா டெரன், ஸ்டான் பிராக்கேஜ், ஜோனஸ் மேகாஸ் என்று பரிசோதனைப் படக்காரர்களின் பெயரை வரிசையாகச் சொல்லலாம். மேகாஸ் 1949-ல் அகதியாக நியூயார்க் வந்த சிறிது காலத்திலேயே கடன் வாங்கி ஒரு போலெக்ஸ் வாங்கினார். தன் நாட்குறிப்புப் படங்களில் சில ஃப்ரேம், சில ஃப்ரேம் என்று தட்டித் தட்டி எடுத்துக் கேமராவுக்குள்ளேயே எடிட் செய்தார். உதவியாளர் இல்லை, எடிட்டிங் மேசைக்கு வாடகை இல்லை. 28 நொடிக்கு மேல் ஓடாது என்பது அந்த எடுப்புக்கு இடைஞ்சலாக இல்லை. ஒவ்வொரு ஷாட்டும் எங்கே முடிய வேண்டும் என்பதை முன்கூட்டியே யோசிக்காதவருக்கு மட்டும் அது தொல்லை.

அதனால் கேமராவோடு ஒரு நோட்டும் வாங்கிவிடுங்கள். ரோல் எண், தொடக்க ஃப்ரேம், முடிவு ஃப்ரேம், லென்ஸ், ஸ்டாப், ஷட்டர் நிலை, மேலே என்ன அடுக்க வேண்டும்: ஏழு கட்டம். மூன்று நாள் கழித்து அதே ரோலைப் பின்னால் சுற்றி எடுக்கும்போது நினைவை நம்பினால் முகத்தின் மேல் முகம் விழ வேண்டிய இடத்தில் சுவரின் மேல் சுவர் விழும். அன்றைய வேலை முடிந்து பையில் வைக்கும்போது ஸ்பிரிங்கை முழுக்க இறக்கி, லென்ஸ் மூடியைப் போட்டு, ஷட்டர் லிவரைத் திறந்த நிலையில் விடுங்கள்.